மருள் தனியே பிறப்பதில்லை

மதனப்பள்ளி நிகழ்ச்சி நடந்து ஐந்து ஆண்டுகள் கடந்துவிட்டன. அதைப் பற்றி இப்போது எழுத நேர்ந்ததற்குக் காரணம், அண்மையில் சித்தூரில் நடந்த கட்சி வகுப்பொன்றில் எழுந்த கேள்வியும் அதற்குக் கிடைத்த பதிலுமே. “வேதியியல் கற்பித்த பேராசிரியரும் கணிதம் பயின்ற ஆசிரியையும் தாம் பெற்ற மகள்களையே எப்படிப் பலி கொடுத்தார்கள்?” என்று ஒரு கல்லூரி மாணவர் கேட்டார். வகுப்பெடுத்த மூத்த தோழர், “அது மனநோய். மருத்துவர் பார்க்க வேண்டியது. அதில் அரசியல் தேட வேண்டியதில்லை” என்று சொல்லி அடுத்த தலைப்புக்குப் போய்விட்டார். பின்வரிசையிலிருந்து இன்னொரு தோழர், “மனநோயாவது ஒன்றாவது, படித்த முட்டாள்கள்” என்றார். அறை சிரித்தது. நான் சிரிக்கவில்லை என்று எழுத ஆசைதான். சிரித்தேன்.

இரவு வீடு திரும்பிய பிறகுதான் அந்தச் சிரிப்பு தொண்டையில் சிக்கியது. இரண்டு பதில்களும் ஒரே காரியத்தைச் செய்கின்றன. முதலாவது அந்தக் குடும்பத்தை மருத்துவமனைக் கதவுக்குப் பின்னால் தள்ளுகிறது. இரண்டாவது நம்மினும் தாழ்ந்த மனிதர்களின் வரிசைக்குத் தள்ளுகிறது. இரண்டிலும் நமக்கு வேலை எதுவும் மிஞ்சவில்லை.

நடந்ததைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 2021 ஜனவரி 24, ஞாயிற்றுக்கிழமை இரவு. மாவட்டங்கள் மறுசீரமைக்கப்படுவதற்கு முன் சித்தூர் மாவட்டத்தைச் சேர்ந்ததாயிருந்த மதனப்பள்ளியில், குடிபுகுந்து ஓராண்டும் நிறையாத புது வீட்டில், 27 வயதும் 22 வயதுமான இரு சகோதரிகள் பூசை நடந்த வீட்டுக்குள்ளேயே அடித்துக் கொல்லப்பட்டார்கள். தந்தை அரசு மகளிர் கல்லூரியில் வேதியியல் கற்பித்தவர். தாய் கணிதத்தில் முதுகலைப் பட்டம் பெற்றுத் தனியார் பள்ளியொன்றின் பொறுப்பில் இருந்தவர். காவலர்கள் வந்தபோது, கலியுகம் அன்றிரவோடு முடிகிறது, விடிந்தால் சத்திய யுகம், பிள்ளைகள் உயிர்த்தெழுவார்கள், ஒரு நாள் பொறுங்கள் என்று அவர்கள் கேட்டுக்கொண்டதாகச் செய்திகள் வந்தன. இறந்தவர்களின் பெயரையும் பெற்றோரின் பெயரையும் நான் எழுதவில்லை. அன்று எல்லாத் தொலைக்காட்சிகளும் அவற்றைப் போதுமான அளவு மென்றுவிட்டன. குற்றத்தைத் தீர்மானிப்பது நீதிமன்றத்தின் வேலை; நோயைத் தீர்மானிப்பது மருத்துவரின் வேலை. நான் மொழிபெயர்ப்பாளன். என் வேலையில் நேர்ந்த ஒரு பிழையிலிருந்து தொடங்குகிறேன்.

அந்த வாரம் தெலுங்கில் எழுதப்பட்ட கண்டன அறிக்கையொன்றைத் தமிழாக்கும் பொறுப்பு என்னிடம் வந்தது. கிடைத்த நேரம் ஒரு மணி. தெலுங்கு மூலத்தில் இரண்டு சொற்கள் இருந்தன: ஒன்று ‘மூடநம்மகம்’, மற்றொன்று ‘பிராந்தி’. முதலாவதற்கு மூடநம்பிக்கை என்ற சொல் கைவசம் இருந்தது. இரண்டாவதை அப்படியே ‘பிராந்தி’ என்று எழுதினால் நம் வாசகர்களுக்கு மதுக்கடைதான் நினைவுக்கு வரும். பழந்தமிழ் அகராதிகளில் அந்தச் சொல்லுக்கு மயக்கம் என்ற பொருள் இருப்பது யாருக்கு இன்று தெரியும்? ஆகவே இரண்டு இடங்களிலும் மூடநம்பிக்கை என்றே எழுதி அனுப்பினேன். அச்சாகியது. யாரும் குறை சொல்லவில்லை.

அது சிறு பிழையன்று. தெருச்சந்தியில் கழிப்புக் கழித்துப் போட்ட எலுமிச்சம்பழத்தைத் தாண்டாமல் சுற்றிப் போவது மூடநம்பிக்கை. சித்தூரிலும் வேலூரிலும் இலட்சக்கணக்கானோர் அப்படித்தான் போகிறார்கள். போய், வேலைக்குச் சேர்கிறார்கள், சம்பளம் வாங்குகிறார்கள், பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் மாத்திரை கொடுக்கிறார்கள். அந்தப் பழத்தை மிதித்துவிட்டதால் சாவு நெருங்கிவிட்டது என்று நாள்கணக்கில் உறங்காமல் நடுங்குவது வேறு. மதனப்பள்ளி வீட்டின் இளைய மகள் அவ்வாறுதான் அஞ்சத் தொடங்கினாள் என்று அப்போது செய்தித்தாள்கள் எழுதின. முதல் நிலையில் மனிதனின் கால் தரையில் இருக்கிறது. இரண்டாம் நிலையில் தரை நழுவுகிறது. இவ்விரண்டுக்கும் ஒரே சொல்லைப் போட்டவன், நழுவிக்கொண்டிருப்பவரைக் கைப்பிடித்து நிறுத்தும் நேரத்தில் அவருக்குப் பகுத்தறிவுப் பாடம் நடத்துவான். நாம் அதைத்தான் செய்துவருகிறோம்.

தமிழில் இதற்குச் சொல் இல்லாமலில்லை. மருள் என்பது அது. வள்ளுவர் மெய்யுணர்தல் அதிகாரத்தில் அதை ஆள்கிறார். நம் ஊர்ப் புறத்தில் சாமி வந்து ஆடுகிறவரை மருளாளி என்கிறோம். அதற்கு எதிர்ச்சொல் தெருள். மெய் என்ற சொல்லோ உண்மையையும் உடலையும் ஒருசேரக் குறிக்கிறது. பசி, உழைப்பு, களைப்பு, அடுத்தவர் முகம் ஆகியவற்றின் வழியாகவே உலகம் நமக்கு மெய்யாகிறது என்பதை நம் மொழி நெடுங்காலமாகவே அறிந்திருக்கிறது. அந்த வழிகள் ஒவ்வொன்றாக அடைபடும்போது மருள் வளர்கிறது. அது ஒரே இரவில் நடப்பதன்று.

எவ்வளவு மெதுவாக நடக்கும் என்பதற்கு தில்லி புராரி சாட்சி. 2018 ஜூலை 1 காலையில் ஒரே குடும்பத்தைச் சேர்ந்த 11 பேர் அங்கே இறந்து கிடந்தார்கள். வீட்டில் கண்டெடுத்த குறிப்பேடுகள் 2007 முதல் எழுதப்பட்டு வந்தவை. இறந்துபோன தந்தை தம் வழியாகப் பேசுவதாக மகன்களில் ஒருவர் நம்பினார். குடும்பம் அவரை நம்பியது. பதினோரு ஆண்டுகள்! அந்தப் பதினோரு ஆண்டுகளும் அவர்களுடைய மளிகைக்கடை திறந்துதான் இருந்தது. சில நாட்களுக்கு முன்புதான் அந்த வீட்டில் நிச்சயதார்த்தம் நடந்தது. தெருவில் ஒருவருக்கும் ஐயம் எழவில்லை. வெளியே கணக்கு வழக்கு சரியாக நடந்துகொண்டிருக்க, உள்ளே தரை அங்குலம் அங்குலமாகக் கரைந்துகொண்டிருந்தது.

ஒருவரின் மருள் அருகிலிருப்பவருக்கும் பரவும் நிலையை 1877இலேயே லசேக், ஃபால்ரே என்னும் இரு பிரெஞ்சு மருத்துவர்கள் ஆராய்ந்து எழுதினார்கள். அப்படிப் பரவுவதற்கு மூன்று நிபந்தனைகள் வேண்டும் என்றார்கள். இருவரில் ஒருவர் முன்னின்று நடத்துபவராகவும் மற்றவர் பின்தொடர்பவராகவும் இருக்க வேண்டும். இருவரும் வெளியுலகத் தொடர்பு குன்றி நெடுநாள் ஒன்றாக வாழ வேண்டும். மூன்றாவதுதான் நம் கவனத்துக்குரியது: அந்த மருள் நம்பத்தக்கதாக இருக்க வேண்டும். அதாவது, அவர்களுடைய பழைய அச்சங்களோடும் எதிர்கால நம்பிக்கைகளோடும் அது பொருந்திப் போக வேண்டும். மதனப்பள்ளிக்கு இதுதான் நோய்ப்பெயர் என்று நான் முத்திரை குத்தவில்லை. ஆனால் அந்த மூன்றாம் நிபந்தனையைப் படித்தபோது, “அதில் அரசியல் தேட வேண்டியதில்லை” என்ற மூத்த தோழரின் பதில் என் முன்னே நொறுங்கிப் போயிற்று. நம்பத்தக்கதா இல்லையா என்பதை நோயாளியா தீர்மானிக்கிறார்? அவரைச் சுற்றியுள்ள சமூகமல்லவா தீர்மானிக்கிறது! செவ்வாய்க் கோளில் முயல்கள் ஆட்சிக்கு வந்துவிட்டன என்று அந்த வீட்டில் ஒருவர் சொல்லியிருந்தால் மற்ற மூவரும் அன்றே மருத்துவரிடம் அழைத்துப் போயிருப்பார்கள். கலியுகம் முடிகிறது என்று சொன்னதால்தான் அது வீட்டுக்குள் நிலைத்தது.

அப்படியானால் சித்தூர் மாவட்டத்தில் கலியுக முடிவு என்ற சரக்கை நம்பத்தக்கதாக்கி விற்றவர்கள் யார்?

அதே மாவட்டத்தின் மறுகோடியில், இன்று திருப்பதி மாவட்டத்தில் உள்ள வரதய்யபாளையத்தில், தம்மைக் கல்கி அவதாரம் என்று அறிவித்துக்கொண்ட விஜயகுமாரின் ஆசிரமம் பல நூறு ஏக்கரில் எழுந்தது. கலியுகத்தை முடிப்பவன் கல்கி என்பது புராணம். அதையே நிறுவனத்தின் பெயராக்கி, 2012இல் பொற்காலம் பிறக்கும் என்று நாடெங்கும் பரப்பினார்கள். 2012 வந்தது, போனது. விலைவாசிதான் ஏறியது. 2019 அக்டோபரில் வருமான வரித்துறை அங்கும் அதன் தொடர்பு நிறுவனங்களிலும் சோதனை நடத்தி, கணக்கில் காட்டாத வருமானம் ரூ. 500 கோடிக்கும் மேல் என்று அறிவித்தது. ரொக்கமாக மட்டும் ரூ. 43.9 கோடி கைப்பற்றப்பட்டது. மதனப்பள்ளிக் குடும்பத்துக்கும் இந்த ஆசிரமத்துக்கும் தொடர்பு உண்டென்று நான் சொல்லவில்லை. அப்படிச் சொல்ல எனக்கு எந்த ஆதாரமும் இல்லை. நான் பேசுவது காற்றில் கலந்திருந்த சரக்கைப் பற்றி. முப்பது ஆண்டுகளாக ஒரு மாவட்டத்தின் காற்றில் யுக முடிவு விற்கப்பட்டது. அமைச்சர்களும் நடிகர்களும் தொழிலதிபர்களும் அதை வாங்க வரிசையில் நின்றார்கள். அதே வாக்கியத்தைப் பூட்டிய வீட்டுக்குள் ஒரு தாய் சொன்னால் பித்து. மேடையில் ஏறிச் சொன்னால் ஆன்மிகம்.

அரசாவது எதிர்த்திசையில் நின்றதா? பிள்ளையார் தலையைச் சுட்டிக்காட்டி அக்காலத்திலேயே பிளாஸ்டிக் சர்ஜரி இருந்தது என்று 2014 அக்டோபரில் மும்பை மருத்துவமனை விழாவில் பேசியவர் நாட்டின் பிரதமர். கௌரவர்கள் சோதனைக்குழாய்க் குழந்தைகள் என்று 2019 ஜனவரியில் இந்திய அறிவியல் மாநாட்டு மேடையில் பேசியவர் ஆந்திரப் பல்கலைக்கழகத்தின் அன்றைய துணைவேந்தர். 2020 ஏப்ரல் 5 இரவு 9 மணிக்கு 9 நிமிடம் விளக்கேற்றச் சொன்னார்கள்; அந்த ஒன்பதுகளுக்குக் கிரகங்களின் பெயரால் விளக்கம் எழுதிப் பரப்பியவர்கள் எத்தனை பேர் என்பது நம் எல்லோருடைய கைப்பேசிக்கும் தெரியும். 2023இல் தேசியக் கல்வி ஆராய்ச்சிக் குழுமத்தின் பத்தாம் வகுப்பு நூலிலிருந்து பரிணாமமும் தனிம அட்டவணையும் நீக்கப்பட்டன. விஞ்ஞான மனப்பான்மையை வளர்ப்பது குடிமக்களின் கடமை என்று அரசமைப்புச் சட்டத்தின் 51அ பிரிவு சொல்கிறது. குடிமக்களின் கடமைதானே, அரசுக்கு என்ன வந்தது என்று நினைத்துவிட்டார்கள் போலும்.

“ஆனாலும் படித்தவர்கள் எப்படி?” என்று அந்த மாணவர் மீண்டும் கேட்கக்கூடும். இந்தக் கேள்விக்கு எங்கெல்ஸ் 1878இலேயே பதில் எழுதிவைத்திருக்கிறார். ‘இயற்கையின் இயக்கவியல்’ தொகுப்பில் உள்ள, ஆவி உலகில் இயற்கை விஞ்ஞானம் பற்றிய அந்தக் கட்டுரையை நம்மில் பலர் கடந்து போயிருப்போம். அவர் அதில் எடுத்துக்கொள்ளும் ஆட்கள் பாமரர்கள் அல்லர். ஒருவர் டார்வினுக்கு இணையாக இயற்கைத் தேர்வைக் கண்டறிந்த வாலஸ். மற்றொருவர் தாலியம் என்ற தனிமத்தைக் கண்டுபிடித்த வேதியியலாளர் குரூக்ஸ். இருவரும் இருட்டறையில் ஆவிகளோடு பேசும் கூட்டங்களில் சிக்கினார்கள். எங்கெல்ஸின் வாதம் எளிது: கோட்பாட்டை இகழ்ந்து, கண்ணால் கண்டதே போதும் என்று இருப்பவன், மோசடிக்காரன் கண்ணுக்குக் காட்டுவதையும் நம்பிவிடுவான். ஆய்வகத்தில் துலாக்கோலைச் சரியாகப் பிடிக்கத் தெரிவதும், உலகத்தை முழுமையாகப் புரிந்துகொள்வதும் வேறு வேறு. நம் நாட்டில் வேதியியல் பட்டம் வேலைக்கான சீட்டு. அந்தச் சீட்டை ஆய்வக வாசலில் காட்டிவிட்டு வீட்டுக்குள் வேறு உலகத்தில் வாழலாம். யாரும் தடுக்க மாட்டார்கள். நம் கட்சி உறுப்பினர் அட்டையும் சிலரிடம் அப்படித்தான் இருக்கிறது என்பதை இவ்விடத்தில் சொல்லி வைக்கிறேன்.

அந்த மதனப்பள்ளி மண்ணைப் பாருங்கள். அன்னி பெசன்ட் 1915இல் கல்லூரி நிறுவிய ஊர். 1919இல் தாகூர் அங்கே தங்கியிருந்தபோதுதான் ஜனகணமனவை ஆங்கிலத்தில் பெயர்த்தார். 1895இல் அங்கே பிறந்த ஒரு சிறுவனை உலக ஆசான் என்று பீடத்தில் ஏற்ற பிரம்மஞான சபையார் பல ஆண்டுகள் பாடுபட்டார்கள். வளர்ந்த அந்த ஜே. கிருஷ்ணமூர்த்தி 1929இல், தமக்காகவே நிறுவப்பட்ட அமைப்பைக் கலைத்துவிட்டு, நான் ஆசானல்லன் என்று இறங்கிப் போனார். அவருடைய தத்துவத்தோடு நமக்கு உடன்பாடில்லை. அது வேறு கதை. ஆனால் பீடத்திலிருந்து இறங்க மறுத்தவரின் ஆசிரமத்தில் கோடிகள் குவிந்ததையும், இறங்கியவர் பிறந்த ஊரிலேயே ஒரு குடும்பம் யுக முடிவுக்குக் காத்திருந்ததையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்காமல் இருக்க முடியவில்லை.

இனி, சாமி கும்பிடுவதெல்லாம் பித்து என்று சொல்லும் பின்வரிசைத் தோழருக்கு ஒரு வார்த்தை. ஒரு மே மாதம் அவரைத் திருப்பதி தாத்தய்யகுண்ட கங்கம்மா ஜாத்திரைக்கு அழைத்துப் போக விரும்புகிறேன். ஒரு வாரம் நாளொரு வேடம்: பைராகி, பண்ட, தோட்டி, தொர, மாதங்கி என்று. ஆண்கள் புடவை கட்டிப் பூ வைத்துத் தெருவில் நடக்கிறார்கள். மருள் ஏறுகிறது, ஆடுகிறார்கள். இறுதி இரவில் கோயில் முன்னே களிமண்ணால் அம்மனின் பெருமுகம் எழுப்பப்படுகிறது. விடியும் வேளையில் அந்த முகத்தை அவர்களே உடைக்கிறார்கள். மண்ணைப் பங்கிட்டு எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போகிறார்கள். மறுநாள் அதே ஆள் ஆட்டோ ஓட்டுகிறார், காய்கறிக் கடையில் தராசு பிடிக்கிறார். ஆடுகட்டை வெட்டும் கொடுமையையும் சாதி அடுக்குகளையும் நான் மறைக்கவில்லை. ஆனால் அந்த மருளுக்கு நாள் குறித்திருக்கிறது, எல்லை குறித்திருக்கிறது, இறங்கும் நேரம் குறித்திருக்கிறது. ஆடுகிறவரைத் தாங்கிப் பிடிக்கப் பத்துப் பேர் நிற்கிறார்கள். தெரு முழுவதும் கண் திறந்திருக்கிறது. மதனப்பள்ளி வீட்டில் அப்படித் தாங்கிப் பிடிக்க எவரும் இல்லை. அது கடவுள் நம்பிக்கை மிகுந்த வீடு என்பதைவிட, தெரு இல்லாத வீடு என்பதே அதன் கதை.

அந்தத் தெருவை அடைத்தது யார்? பெருந்தொற்றுக் காலத்தில் கல்லூரி மூடிக் கிடந்தது, பள்ளி மூடிக் கிடந்தது. ஆசிரியருக்கு அன்றாட உலகம் என்பது வகுப்பறையின் அறுபது முகங்கள்தாம். ஆசிரியர் தடுமாறினால் ஒரு மாணவியாவது தலை நிமிர்ந்து பார்ப்பாள். அந்தப் பார்வையில் ஒருவர் ஒரு நாளைக்குப் பத்து முறை தன்னைத் திருத்திக்கொள்கிறார், தனக்கே தெரியாமல். அது நின்றது. மிஞ்சியது கைப்பேசித் திரை. அது நாம் எதை நம்பத் தொடங்கினோமோ அதையே மேலும் மேலும் ஊட்டும். அதற்குத் தலை நிமிர்ந்து பார்க்கத் தெரியாது. பார்த்தால் அதன் முதலாளிக்கு விளம்பர வருமானம் குறையும்.

பிறகு மருத்துவத்துக்கு வருவோம். கைதான பெற்றோரைத் திருப்பதி ரூயா மருத்துவமனையில் பரிசோதித்து, விசாகப்பட்டினம் அரசு மனநல மருத்துவமனைக்கு அனுப்பப் பரிந்துரைத்தார்கள். இடைத்தொலைவு எழுநூறு கிலோமீட்டருக்கும் மேல். மாநிலம் பிரிந்தபோது ஹைதராபாத் எர்ரகட்டா மருத்துவமனை தெலங்கானாவுக்குப் போயிற்று. ஆந்திரத்துக்கு எஞ்சியது வடகோடியில் இருக்கும் விசாகப்பட்டினம்தான். இரண்டு உயிர் போன பிறகு அரசு வண்டி வைத்து அனுப்பியது. இரண்டு மாதங்களுக்கு முன், ‘பிள்ளை சரியாகத் தூங்குவதில்லை, ஏதேதோ பேசுகிறாள்’ என்ற நிலையில், அந்தக் குடும்பம் எந்தக் கதவைத் தட்டியிருக்கும்? மந்திரவாதி தெருமுனையில் இருக்கிறார். மனநல மருத்துவர் மாவட்டத் தலைநகரில் இருந்தாலே பெரிது. 2015-16இல் நிம்ஹான்ஸ் நடத்திய தேசிய மனநல ஆய்வின்படி வயது வந்தோரில் 10.6 விழுக்காட்டினருக்கு மனநலக் கோளாறு இருக்கிறது. நோய் வகைக்கேற்ப 70 முதல் 92 விழுக்காட்டினர் சிகிச்சையின்றி இருக்கிறார்கள். 2017ஆம் ஆண்டு மனநலப் பாதுகாப்புச் சட்டம் சிகிச்சை பெறுவதை உரிமை என்று எழுதியது. எழுதியதோடு சரி. தமிழ்நாட்டுத் தோழர்கள் ஆந்திரத்தைப் பார்த்துப் பெருமூச்சு விட வேண்டாம். 2001 ஆகஸ்ட் 6 அன்று ஏர்வாடியில் சங்கிலியால் கட்டப்பட்டிருந்த 28 பேர் தீயில் கருகியது எந்த மாநிலத்தில்?

மராட்டியத்தில் தபோல்கர் தம் உயிரைக் கொடுத்த பிறகு 2013இல் மூடநம்பிக்கை எதிர்ப்புச் சட்டம் வந்தது. கர்நாடகத்திலும் 2017இல் சட்டம் இயற்றினார்கள். ஆந்திரத்திலும் தமிழ்நாட்டிலும் அப்படியொரு சட்டம் வேண்டும் என்பது நம் கோரிக்கை. அதில் இரண்டு கருத்துக்கு இடமில்லை. ஆனால் சட்டம் மந்திரவாதியைப் பிடிக்கும். மருண்டவரை யார் பிடிப்பது?

இங்கே நம் வீட்டுக் கதையைச் சொல்லாமல் முடிக்க எனக்கு உரிமையில்லை. மூடப்பட்ட கூட்டுறவு ஆலை ஒன்றின் தொழிலாளி, எங்கள் கிளைத் தோழர். எண்களில் புலி. ஆலை இருந்த காலத்தில் ஆண்டறிக்கையைக் கையில் வாங்கினால், நிர்வாகம் எங்கே கணக்கை மறைத்திருக்கிறது என்று பென்சிலால் கோடு போட்டுக் காட்டுவார். ஆலை மூடியது. மனைவி இறந்தார். பெருந்தொற்று வந்தது. முதலில் அவர் இந்த வார இதழைப் படிப்பதை நிறுத்தினார். கண் வலி என்றார். பிறகு கிளைக் கூட்டத்தில் யாரோ பதிவு செய்கிறார்கள் என்று சொல்லிக் கைப்பேசிகளை வெளியே வைக்கச் சொன்னார். காலம் அப்படித்தானே என்று நாங்களும் வைத்தோம். பிறகு குடிநீர்த் தொட்டியில் தமக்கென்று எதையோ கலக்கிறார்கள் என்றார். நாங்கள் என்ன செய்தோம்? ஒரு மாலை முழுவதும் அவரோடு வாதிட்டோம். தண்ணீரைக் குடித்துக் காட்டினோம். பொருள்முதல்வாதம் பேசினோம். அவர் வருவதை நிறுத்தினார். அடுத்த ஆண்டு உறுப்பினர் புதுப்பித்தலில் அவர் பெயருக்கு எதிரே ‘செயல்படவில்லை’ என்று எழுதினோம். அந்தப் படிவத்தை நிரப்பிய கையெழுத்து என்னுடையது.

அவரைக் காப்பாற்றியது கட்சியன்று, அவர் மகள். ஒருநாள் காலையில் எங்கள் வீட்டுக்கு வந்து, “மாமா, அப்பாவை வேலூருக்குக் கூட்டிட்டுப் போறேன், துணைக்கு வர்றீங்களா” என்று கேட்டாள். போனேன். பாகாயத்தில் மனநல மையத்தின் வெளியே மரத்தடியில் காத்திருந்தபோதுதான் பார்த்தேன், அங்கே அமர்ந்திருந்தவர்களில் பாதிப் பேர் தெலுங்கு பேசினார்கள். சித்தூரிலிருந்து முப்பத்தைந்து கிலோமீட்டர். எங்கள் கிளையில் எவருக்கும் அந்த வழி தோன்றவில்லை. மருந்து பிடிக்கச் சில மாதங்கள் ஆயின. முழுவதும் சரியாகிவிட்டார் என்று சொல்ல மாட்டேன். இரவில் இன்னும் தொட்டி மூடியைச் சரிபார்க்கிறார். ஆனால் தண்ணீர் குடிக்கிறார்.

அவர் விலகிப் போன அந்த ஓராண்டைப் பின்னோக்கிப் பார்க்கும்போது லசேக், ஃபால்ரே சொன்ன மூன்று நிபந்தனைகளும் வேறொரு இடத்திலும் பொருந்துவதைக் காண்கிறேன். ஒருவர் பேசுவார், மற்றவர் தலையசைப்பார். அறை மூடியிருக்கும்; வெளியார் வரமாட்டார்கள். பேசப்படுவது எல்லோருடைய நம்பிக்கைக்கும் பொருத்தமாக இருக்கும். தோழர்களே, நான் நம் கூட்டங்களைத்தான் சொல்கிறேன். முப்பது ஆண்டுகளாக நான் மொழிபெயர்த்த அறிக்கைகளில் ‘மாபெரும்’, ‘எழுச்சிமிகு’, ‘திரளான’ என்ற சொற்கள் எத்தனை முறை வந்தன என்று எண்ணினால் வெட்கம்தான் மிஞ்சும். பாதி அரங்கு காலியாக இருந்த மாநாடுகளுக்கும் அவையே வந்தன. மூலத்தில் இல்லாத இடங்களிலும் கைப்பழக்கத்தால் நானே சேர்த்திருக்கிறேன். தேர்தலில் வைப்புத்தொகை இழந்த தொகுதியில் ‘மக்கள் ஆதரவு பெருகி வருகிறது’ என்று எழுதினோம்; அடுத்த தேர்தலில் அதையே நம்பி நின்றோம். கிளைத் தோழர் ஒருவர் வீட்டில் ஓராண்டு இருட்டில் கிடந்தது நமக்குத் தெரியாமல் போனதற்கும், மக்களிடம் நம் நிலை என்ன என்பது நமக்குத் தெரியாமல் போனதற்கும் காரணம் ஒன்றே. நாம் எந்த வீட்டுக்கும் போவதில்லை. இதழ் கூட அஞ்சலில் போகிறது.

இதைக் கட்சி விரோதம் என்று யாரேனும் சொன்னால், அவரோடு வாதிட நான் அணியமாக இருக்கிறேன். ஆனால் அதற்கு முன் தத்தம் கிளையில் கடந்த மூன்று ஆண்டுகளில் ‘செயல்படவில்லை’ என்று எழுதி நீக்கிய பெயர்களின் பட்டியலை எடுத்துக்கொண்டு, இரண்டிரண்டு பேராக அந்த வீடுகளுக்குப் போய்வரட்டும். வாதம் செய்ய அன்று, தேநீர் குடிக்க. தொழிற்சங்க அலுவலகச் சுவரில் 14416 என்ற எண்ணை எழுதி வைக்கட்டும். 2022 அக்டோபரில் ஒன்றிய அரசு தொடங்கிய இலவச மனநலத் தொலைபேசி உதவி அது. அரசு தொடங்கியது என்பதற்காக நாம் ஒதுக்க வேண்டியதில்லை. அதற்கும் நம் வரிப்பணம்தான். மாவட்ட மருத்துவமனையில் மனநலப் பிரிவும் படுக்கைகளும் கேட்டு அடுத்த ஆர்ப்பாட்டத்தை நடத்துவோம். திருமலை லட்டில் என்ன நெய் என்று ஆளும் கட்சியும் எதிர்க்கட்சியும் 2024இல் உச்ச நீதிமன்றம் வரை போனார்கள். ரூயாவில் எத்தனை மனநலப் படுக்கைகள் என்று எந்தச் சட்டமன்றத்தில் எந்தக் கட்சி கேட்டது?

நம் தோழர் சென்ற மாதம் மீண்டும் கிளைக் கூட்டத்துக்கு வந்தார். அரசுப் பேருந்துக் கட்டண உயர்வை எதிர்த்து நடத்திய ஆர்ப்பாட்டம் பற்றிய செய்தியை இவ்விதழுக்காக நான் எழுதிக்கொண்டிருந்தேன். ‘திரளான தோழர்கள் கலந்துகொண்டனர்’ என்று எழுதியிருந்ததை அவர் தோளுக்குப் பின்னாலிருந்து படித்தார். சட்டைப் பையிலிருந்து பென்சிலை எடுத்து அந்தச் சொல்லை அடித்தார்.

“முப்பத்தேழு பேர். நான் எண்ணினேன். அதில் நான்கு பேர் பேருந்துக்குக் காத்திருந்தவர்கள்.”

முப்பத்து மூன்று என்று திருத்தி அனுப்பினேன்.